சைக்கிளில் இடமில்லாததால் ஒரு வயது இளையவள்

அன்பும் மரியாதையும் குறையாத பெரியண்ணாவுக்கு,

தங்கை எழுதிக்கொள்வது. இரண்டு தங்கைகளில் எவள் என்று கையெழுத்தைப் பார்த்துக் குழம்ப வேண்டாம். பத்து நிமிடம் முந்திப் பிறந்தவள், அம்மா ‘பெரிசு’ என்று கூப்பிட்டவள், நான்தான். உங்கள் முழங்கால் வலியும் அண்ணியின் இருமலும் இந்நேரம் தணிந்திருக்கும் என்று நம்புகிறேன். இங்கே நானும் என் வீட்டுக்காரரும் சுகம். சின்னதும் சுகம். என்னைவிடக் கொஞ்சம் கூடுதலாகவே சுகம். அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம்.

இதனுடன் ஒரு தாள் வைத்திருக்கிறேன். பென்சிலால் புள்ளி வைத்த இடத்தில் நீங்கள் ஒரு கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும். படிக்காமலே போட்டால் இன்னும் நல்லது. ஆனால் மருந்துச் சீட்டில் அச்சகத்தின் பெயர் வரைக்கும் படிக்கிற ஆள் நீங்கள், உங்களிடம் அந்த ஆசை பலிக்காது. ஆகவே விவரத்தைச் சொல்லிவிடுகிறேன். கோபப்படாமல், மூச்சு வாங்கி, உட்கார்ந்து படியுங்கள்.

போன மாதம் முதல் தேதி எங்கள் அலுவலகப் பலகையில் இந்த வருடம் ஓய்வுபெறுகிறவர்களின் பட்டியலை ஒட்டினார்கள். நானும் சின்னதும் ஒரே நாளில், ஒரே கட்டிலில், பத்து நிமிட இடைவெளியில் பிறந்தவர்கள் என்பது உங்களுக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. அன்றைக்கு வெந்நீர் தூக்கிவந்ததே நீங்கள்தான். பட்டியலில் என் பெயர் இருந்தது. அவள் பெயர் இல்லை. அவள் பெயர் அடுத்த வருடப் பட்டியலில் வருமாம். பள்ளிக்கூடப் பதிவேட்டின்படி அவள் என்னைவிடச் சரியாக ஒரு வருடம் இளையவள். அதே நாள், அதே மாதம், வருடம் மட்டும் ஒன்று கூட. இத்தனை காலமும் இது வீட்டில் சிரிப்பதற்கு உதவியது. என் அறுபதாவது பிறந்தநாள் நெருங்குகிறது, இப்போது எனக்குச் சிரிப்பு வரவில்லை, அண்ணா. அவளுக்கு வருகிறது.

சரி, ஒரு வருடம்தானே, விட்டுத்தள்ளு என்று சொல்வீர்கள். அங்கேதான் விஷயமே இருக்கிறது. எங்கள் அலுவலகத்தில் கடைத் தராசுகளையும் எடைக்கற்களையும் சரிபார்த்து முத்திரை போடுகிறோம் என்பது உங்களுக்குத் தெரியும். முப்பத்தாறு வருடமாக நான் தராசு அறையில் இருக்கிறேன். அந்த அறைக்கு மின்விசிறி கிடையாது. காற்று பட்டால் தராசுத் தட்டு அசையும் என்று ஜன்னலையும் நிரந்தரமாக அடைத்துவைத்திருக்கிறார்கள். முப்பத்தாறு கோடைகாலம் அதற்குள்ளே உட்கார்ந்து, நெற்றி வியர்வை கல்லின்மேல் சொட்டிவிடாமல் ஒரு கையால் துடைத்துக்கொண்டு, மறு கையால் இடுக்கி பிடித்து வேலை பார்த்திருக்கிறேன். எதிரே இருப்பது தலைமை ஆய்வாளரின் அறை. அங்கே மின்விசிறி இருக்கிறது, திறக்கிற ஜன்னல் இருக்கிறது, சுழல்கிற நாற்காலி இருக்கிறது, கதவில் பெயர்ப்பலகை இருக்கிறது. இப்போதிருக்கும் தலைமை ஆய்வாளர், நான் வீட்டுக்குப் போய் இரண்டே மாதத்தில் போகிறார். முறைப்படி அவருக்கு அடுத்தவள் நான். ஆனால் இரண்டு மாதம் முந்திப் போகிறவளுக்கு நாற்காலி எங்கிருந்து வரும்? எனக்கு அடுத்தவள் சின்னது. அப்படியே அலுங்காமல் நலுங்காமல் போய் அதில் உட்காரப்போகிறாள்.

பட்டியல் ஒட்டிய அன்று அவள் என் மேசைக்குத் தேநீர் கொண்டுவந்து வைத்து, “நீ இல்லாம நான் எப்படி இருக்கப்போறேனோ தெரியலடி” என்று மூக்கை உறிஞ்சினாள். எனக்கும் மனசு இளகித்தான் போயிற்று. இரண்டு நாள் கழித்துப் பார்க்கிறேன், தலைமை ஆய்வாளர் வெளியே போயிருந்த நேரம், அவர் அறை ஜன்னலை அலுவலக இரும்பு நாடாவால் அளந்துகொண்டிருக்கிறாள். “என்னடி பண்றே இங்க?” என்றேன். “சும்மாதான். மத்தியானம் வெயில் அவர் முகத்துலயே அடிக்குது, பாவம். ஒரு திரை தைச்சுப் போடலாம்னு பார்த்தேன்” என்கிறாள். இன்னும் நாலு மாதத்தில் போகிற மனுஷனுக்கு, இத்தனை வருடம் அடிக்காத வெயில் இப்போது அடிக்கிறதாம். யார் காதில் பூச்சுற்றுகிறாள்?

பொறாமையில் எழுதுகிறேன் என்று நினைக்காதீர்கள். இல்லை, நினைத்துக்கொள்ளுங்கள். உங்களிடம் மறைத்து எனக்கு என்ன ஆகப்போகிறது? பொறாமைதான். வயிறு எரிகிறது. சாப்பாடு இறங்க மாட்டேன் என்கிறது. அந்த நாற்காலி சுழலும்போது ஒரு கிரீச் சத்தம் வரும், அது கேட்டாலே இப்போது எனக்கு உடம்பு பற்றிக்கொண்டு வருகிறது. என் வீட்டுக்காரர், “உன் கூடப்பிறந்தவதானே, யார் உட்கார்ந்தா என்ன?” என்கிறார். கூடப்பிறந்ததுதானே வினை! தனியாகப் பிறந்திருந்தால் நான் ஏன் இப்படிக் கிடந்து வேகிறேன்?

இதற்கெல்லாம் மூலகாரணம் நீங்கள், அண்ணா. ஆமாம், நீங்களேதான். மரியாதையோடுதான் சொல்கிறேன். அப்பா வேலை விஷயமாக வெளியூர் போயிருந்தார், அம்மா காய்ச்சலில் படுத்திருந்தாள், எங்கள் இருவரையும் பள்ளிக்கூடத்தில் சேர்க்கும் பொறுப்பு பதினாலு வயதுப் பையனான உங்கள் தலையில் விழுந்தது. உங்கள் சைக்கிளின் பின் கேரியர் உடைந்து கிடந்தது. முன்கம்பியில் ஒரு ஆள்தான் உட்கார முடியும். இரண்டு நடை போவதற்கு உங்களுக்குச் சோம்பல், அதற்குள் பந்து விளையாடப் போகவேண்டும். நான் முகம் கழுவி, தலை சீவி, வாசலில் தயாராக நின்றேன். சின்னது போர்வைக்குள் தூங்கிக்கொண்டிருந்தாள். நின்றவளைத் தூக்கி முன்கம்பியில் உட்காரவைத்துக்கொண்டு கிளம்பினீர்கள். தலைமையாசிரியர், “உங்க வீட்டுல ரெண்டு குழந்தை இருக்குன்னு கேள்விப்பட்டேனே?” என்று கேட்டபோது, நான் அந்தக் கம்பி அழுத்திய தொடையைத் தடவிக்கொண்டு பக்கத்தில்தான் நின்றேன். “அது சின்னது சார், அடுத்த வருஷம்தான் அஞ்சு வயசு ஆகும்” என்றீர்கள். ஒரு மூச்சில், கண் சிமிட்டாமல். அடுத்த வருடம் கேரியரைச் சரிசெய்துவிட்டு அவளைக் கொண்டுபோய், சொன்ன பொய்க்கு மாறாமல் தேதி கொடுத்தீர்கள். அப்பாவும் வந்து கேட்டுவிட்டு, “எழுதினது எழுதினதுதான், போ” என்று விட்டுவிட்டார்.

யோசித்துப் பாருங்கள். சீக்கிரம் எழுந்து ஒழுங்காக நின்றவளுக்குத் தண்டனை, இழுத்துப் போர்த்தித் தூங்கினவளுக்கு ஒரு வருடம் இனாம்! அந்த வருடம் முழுக்க நான் விரல்கணுவில் ஸ்கேலால் அடி வாங்கி எழுத்துப் படித்தேன், அவள் அம்மாவின் மடியில் கிடந்தாள். மதியம் அம்மா பக்கத்தில் படுத்துத் தூங்கினாள். அம்மாவுக்கு ஒரு பிள்ளை மட்டும் இருந்தது மாதிரி ஒரு வருடம், அது முழுசாக அவளுக்கு. எனக்கு அப்படி ஒரு நாள்கூடக் கிடைத்ததில்லை. அதற்குப் பிறகும் என்ன குறை? நான் முடித்த வகுப்புக்கு அடுத்த வருடம் வருவாள். என் புத்தகம், அதில் நான் பென்சிலால் குறித்துவைத்த விடைகள், எந்த ஆசிரியர் எதற்கு அடிப்பார் என்ற தகவல், எல்லாம் தயாராகக் காத்திருக்கும். என்னைவிட நாலு மதிப்பெண் கூட வாங்குவாள். “பாரு, உன் தங்கச்சி எவ்வளவு கெட்டிக்காரி” என்பார்கள். யாருடைய தங்கச்சி? பத்து நிமிடத் தங்கச்சி! இந்த வேலைக்கும் நான் வந்து ஒரு வருடம் கழித்து வந்தாள், இடுக்கி பிடிக்கக் கற்றுக்கொடுத்ததும் நான்தான். ஆரம்பத்திலும் ஒரு வருடம், முடிவிலும் ஒரு வருடம். இரண்டு பக்கமும் அவளுக்கே வழித்துக் கொடுத்தால் நான் எதைத் தின்பது?

ஆகவே பிறந்த தேதியைத் திருத்துவது என்று கிளம்பினேன். முதலில் என் தேதியைத்தான் திருத்தப் பார்த்தேன், அதைக் கவனியுங்கள். ஊழியர் பதிவேடு பார்க்கும் குமாஸ்தாவிடம் போய், எனக்கும் ஒரு வருடம் தள்ளிப் போடச் சொன்னேன். அவர் மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு, “வேலைக்குச் சேர்ந்த அஞ்சு வருஷத்துக்குள்ள கேட்டிருக்கணும்மா. முப்பத்தாறு வருஷம் கழிச்சு வந்து நான் அப்ப பிறக்கலைங்கறீங்க” என்றார். நான் விடவில்லை. ஒரே நாளில் பிறந்த இரண்டு பேருக்கு இரண்டு வருடம் எப்படி வரும் என்று மேசையைத் தட்டினேன். அவர் குரலைத் தாழ்த்தினார். “அதுக்கு ஒரே வழி. உங்களுக்குச் சர்வீஸைக் கூட்ட முடியாது. பள்ளிக்கூடப் பதிவேட்டுல அவங்க தேதி தப்புன்னு ஆச்சுன்னா, அவங்களுக்கு வேணும்னா குறைக்கலாம்.” அதாவது எனக்குக் கிடைக்க வழியில்லை, அவளுக்குக் கிடைக்காமல் செய்ய வழி இருக்கிறது. நியாயமா என்று கேட்காதீர்கள். அன்று ராத்திரி எனக்கு வயிறு நிறையச் சாப்பாடு இறங்கியது, அவ்வளவுதான் சொல்வேன்.

மறுநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குப் போனேன். எழுத்தர் பழைய பதிவேட்டைத் தூசி தட்டி எடுத்துவந்தார். நான் சின்னதின் பெயரைச் சொல்லி, இந்தத் தேதியைத் திருத்த வேண்டும், ஒரு வருடம் முன்னால் போடவேண்டும் என்றேன். அவர் என்னையே சின்னது என்று நினைத்துவிட்டார். “எல்லாரும் வயசைக் குறைக்கத்தான் வருவாங்க. கூட்டிக்கணும்னு வந்த முதல் ஆள் நீங்கதாம்மா” என்று சொல்லி நாற்காலி போட்டு, தண்ணீர் கொடுத்து, பக்கத்து அறைக்காரரையும் கூப்பிட்டுக் காட்டினார். நானும் தண்ணீரை வாங்கிக் குடித்தேன். விண்ணப்பதாரர் தானே வந்து கையெழுத்துப் போட்டால் வேலை பாதி முடிந்தது என்றார். பேனாவை என் கையில் கொடுத்தார். அண்ணா, உங்களிடம் உண்மையைச் சொல்கிறேன், ஒரு நிமிடம் எனக்குப் புத்தி கெட்டுத்தான் போயிற்று. அவள் பெயரைப் போட்டுவிடுவது என்று குனிந்தேன். ஆனால் முப்பத்தாறு வருடமாகச் சான்றிதழ்களில் கையெழுத்துப் போட்ட கை, நான் சொல்வதைக் கேட்கவில்லை. என் பெயரையே எழுதி, கீழே ஒரு கோடும் இழுத்துவிட்டது. எழுத்தர் பதிவேட்டைப் பார்க்கிறார், விண்ணப்பத்தைப் பார்க்கிறார், என் முகத்தைப் பார்க்கிறார். “உங்க பெயர் உங்களுக்கே ஞாபகம் இல்லையாம்மா?” என்று கேட்டபோது, எனக்குத் தரை பிளந்தால் தேவலை என்று இருந்தது.

அவரிடம் ஏதோ மழுப்பிவிட்டு, நேரே தலைமையாசிரியை முன்னால் போய் நின்று உண்மையைச் சொன்னேன். அந்த அம்மாளுக்கு என் பெண் வயதுதான் இருக்கும். பதிவேட்டில் அங்க அடையாளம் என்ற கட்டத்தில் எனக்கு ‘இடது புருவத்தில் தழும்பு’ என்று போட்டிருக்கிறது. அடுத்த வருடத்துப் பக்கத்தில் சின்னதுக்கு அதே கட்டத்தில் பழைய தலைமையாசிரியர், ‘அக்காள் முகமே, தழும்பு மட்டும் இல்லை’ என்று எழுதிவைத்திருக்கிறார். “பாத்தீங்களா, ரெட்டைன்னு இதுலயே தெரியலையா?” என்றேன். “எனக்கும் என் தங்கச்சிக்கும் ஆறு வயசு வித்தியாசம், எங்களையும் அப்படித்தான் சொல்வாங்க” என்றார். தொட்டிலில் நாங்கள் இருவரும் கிடக்கிற புகைப்படத்தைக் காட்டினேன். “படம் எடுத்தவர் கையை ஆட்டினதால ஒரே குழந்தை ரெண்டா விழுந்திருக்கலாமே” என்றார். கடைசியில், குழந்தையைச் சேர்த்தவர் என்று பதிவேட்டில் கையெழுத்துப் போட்டவர் உயிரோடு இருந்து, தான் சொன்ன தேதி தவறு என்று எழுதிக் கொடுத்தால் மட்டும் மேலே அனுப்பலாம் என்றார். அங்கே பார்த்தேன், உங்கள் கையெழுத்தை. பதினாலு வயதில் என்ன ஒரு சுழி, என்ன ஒரு வால்! பொய் சொல்கிற பையன் போட்ட கையெழுத்து மாதிரியே இல்லை.

ஆகவே அண்ணா, இந்தத் தாளில், ‘என் தங்கைகள் இருவரும் ஒரே நாளில் பிறந்தவர்கள், சைக்கிளில் இடமில்லாத காரணத்தால் ஒருத்தியின் பிறந்த வருடத்தை மாற்றிச் சொன்னேன்’ என்று எழுதியிருக்கிறேன். அத்தனையும் சத்தியமான வார்த்தை. ஒரு கிராம் குறைந்தால் கடையைப் பூட்டுகிறவள் நான். தங்கை என்பதற்காக ஒரு முழு வருடத்தை விடலாமா? நீங்கள் எப்போதும் அவளுக்குத்தான் பரிந்து பேசுவீர்கள். இந்த ஒரு தடவை என் பக்கம் நில்லுங்கள். சின்னதிடம் மூச்சுவிட வேண்டாம்.

அண்ணிக்கு என் வணக்கம். வெந்நீரில் கொப்பளித்தால் இருமலுக்கு நல்லது என்று சொல்லுங்கள். பிள்ளைகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் என் ஆசிகள். உங்கள் ஆசி எனக்கு வேண்டும், அதைவிட அவசரமாக உங்கள் கையெழுத்து வேண்டும்.

இப்படிக்கு,
உங்கள் மூத்த தங்கை (உண்மையில் பத்து நிமிடம், பதிவேட்டில் ஒரு வருடம்)

பின்குறிப்பு: உறையை ஒட்டி, மறுபடி கிழித்து இதை எழுதுகிறேன். இப்போதுதான் சின்னது வந்துவிட்டுப் போனாள். அந்தப் பாழாய்ப்போன எழுத்தர் பதிவேட்டுப் பெயரைப் பிடித்துக்கொண்டு அலுவலகத்துக்குத் தொலைபேசி போட்டு, “விண்ணப்பத்துல பெயர் மாத்திப் போட்டுட்டீங்கம்மா, வந்து சரியாப் போடுங்க” என்று அவளையே கூப்பிட்டிருக்கிறார். எல்லாம் தெரிந்துபோயிற்று. வாசலில் அவள் செருப்புச் சத்தம் கேட்டதும் உறையைத் தலையணைக்கடியில் திணித்தேன். உள்ளே வந்தவள் சண்டை போடவில்லை. “ஏன்டி, என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நானே போட்டிருப்பேனே” என்றாள். போட்டும்விட்டாளாம். நேற்றே பள்ளிக்கூடம் போய், தன் கையாலேயே, தன் பெயரிலேயே போட்டுவிட்டு வந்திருக்கிறாள். உங்கள் எழுத்து வந்தால் தீர்ந்தது. நாங்கள் இருவரும் ஒரே நாளில் வீட்டுக்குப் போவோம்.

“உனக்குப் பைத்தியமா? அந்த நாற்காலி?” என்றேன். “நாற்காலி கிடக்குது. அன்னைக்கு என்னைத் தூங்கவிட்டுட்டு ரெண்டு பேரும் போயிட்டீங்க. அந்த வருஷம் முழுக்க அண்ணா சைக்கிள் மணி எப்பக் கேக்கும்னு வாசல்படியிலேயே உக்கார்ந்திருந்தேன். இன்னொரு வருஷம் நீ இல்லாத அந்த ஆபீஸ்ல தனியா உக்கார என்னால முடியாதுடி” என்று சொல்லி அழுதாள். நானும் அழுதேன். அழுவதிலும் அவள்தான் முந்திக்கொண்டாள்.

அவள் போனபிறகு நிதானமாக யோசித்தேன். நாங்கள் இருவரும் போய்விட்டால் அந்த நாற்காலி யாருக்கு? அவளுக்கு அடுத்தவன் ‘வெறுங்கை’. மற்றக் கற்களை ஒப்பிட்டுப் பார்க்கிற மூல எடைக்கற்களை இடுக்கி இல்லாமல் வெறும் விரலால் தூக்குகிறவன், எண்ணெய் விரலால் தூக்கிவிட்டு, கல்லே எடை கூடிவிட்டது என்று அறிக்கை எழுதினவன். அவன் அந்த மின்விசிறிக்குக் கீழே சுழல்வதா? அவளே உட்காரட்டும். திரைத்துணி நான் வாங்கித்தருகிறேன். தினமும் மத்தியானம் நான் போய் அவளுக்கு எதிரே உட்கார்ந்துகொண்டால் தனியாக இருக்கிற பேச்சும் இல்லை. கொஞ்சம் வயிறு எரியும், எரியட்டும், பழகினதுதான்.

ஆகவே அண்ணா, முதல் தாளைக் கிழித்துப் போடுங்கள். இரண்டாவதாக ஒரு தாள் வைத்திருக்கிறேன், அதில் கையெழுத்துப் போடுங்கள். நாங்கள் இரட்டையரே இல்லை, சின்னது ஒரு வருடம் கழித்துத்தான் பிறந்தாள், வெந்நீர் தூக்கிவந்த நீங்களே கண்ணால் பார்த்தீர்கள் என்று அதில் இருக்கிறது. பதினாலு வயதில் சொன்ன பொய்யை அறுபத்தொன்பதிலும் உறுதியாகச் சொல்லுங்கள். பொய்ச்சத்தியம் பாவமில்லையா என்று அண்ணி கேட்டால், அது முழுக்க எனக்கே வந்து சேரட்டும் என்று சொல்லுங்கள். இதில் அவளுக்குப் பாதி கொடுக்க மாட்டேன்.